சுக்கோத் விருந்துக்கு இருவகை ஹோலிஷ்கெஸ்: புளிப்பை எப்போது சேர்ப்பது?

கேள்வி இது: யூதர்களின் அறுவடைப் பண்டிகையான சுக்கோத்தின் முதல் இரவுக்கு 12 பேர் வருகிறார்கள். கறியும் அரிசியும் கலந்த பூரணத்தை முட்டைக்கோஸ் இலையில் சுருட்டி வேகவைக்கும் ஹோலிஷ்கெஸ் செய்யப்போகிறேன். கலீசிய (இன்றைய தென் போலந்து, மேற்கு உக்ரைன் பகுதி) மரபில் வந்தவர்கள் தக்காளியும் திராட்சையும் சேர்ந்த இனிப்புப் புளிப்பைக் கேட்பார்கள். ஹங்கேரிய வழி வந்தவர்களுக்குச் சர்க்கரை என்றாலே ஆகாது, பாப்ரிகா என்னும் ஹங்கேரிய மிளகாய்த் தூளும் பூண்டும் மணக்க வேண்டும். ஒரே சமையலில் இரண்டையும் எப்படிச் செய்வது? போன முறை மூன்று மணி நேரம் வேகவைத்தும் இலை ரப்பர் போல இருந்தது, உள்ளே அரிசி நறுக்கென்று கடிபட்டது, பாத்திரத்தின் அடி தீய்ந்துபோனது. எங்கே தவறு?

தவறிலிருந்தே தொடங்குவோம். மூன்று கோளாறுகளும் ஒரே இடத்திலிருந்து வருகின்றன. தக்காளி, எலுமிச்சைச் சாறு, சர்க்கரை எல்லாவற்றையும் முதலிலேயே ஊற்றி அடுப்பில் ஏற்றியிருப்பீர்கள். பெரும்பாலான குறிப்புகள் அப்படித்தான் சொல்கின்றன, அதனால்தான் இத்தனை பேருக்கு இது சரியாக வருவதில்லை. முட்டைக்கோஸ் இலையை விறைப்பாக வைத்திருப்பது பெக்டின். அது கரைந்தால்தான் இலை மெத்தென்று ஆகும். சுற்றியுள்ள நீரின் பிஎச் அளவு (எண் குறையக் குறையப் புளிப்பு அதிகம்) 4ஐ ஒட்டி இருக்கும்போது பெக்டின் கரைவது மிகவும் மந்தமாகிவிடும். தக்காளியின் பிஎச் ஏறத்தாழ அந்த இடத்தில்தான் இருக்கிறது. எலுமிச்சை அதை இன்னும் கீழே இறக்கும். சர்க்கரையும் தன் பங்குக்கு இலை மென்மையாவதைத் தாமதப்படுத்தும். இலை வேகவில்லையே என்று நேரத்தை நீட்டுவோம், அதற்குள் அடியில் படிந்த தக்காளிச் சதையும் சர்க்கரையும் கருகிவிடும். பச்சை அரிசியைப் பூரணத்தில் கலந்திருந்தால் அதற்கும் போதிய நீர் கிடைக்காமல் நடு வேகாமல் நிற்கும்.

ஆகவே வரிசையை மாற்ற வேண்டும். முதல் ஒரு மணி நேரம் புளிப்பே இல்லாத இறைச்சிச் சாற்றில் (இறைச்சி வேகவைத்த நீர்) வேகட்டும். இரண்டாவது மணி நேரத்தில் தக்காளியோ, உப்பிட்டுப் புளிக்கவைத்த கோஸோ உள்ளே போகட்டும். எலுமிச்சையும் சர்க்கரையும் கடைசி அரை மணி நேரத்துக்கு. இந்த வரிசை இரண்டு வகைக்கும் பொருந்துவதால் பூரணம் ஒன்று, சுருட்டுவது ஒரே முறை, தட்டு மட்டும் இரண்டு என்று வேலையைப் பிரித்துக்கொள்ளலாம்.

உங்கள் விருந்தில் இரு தரப்பாரும் தங்கள் பாட்டி செய்ததே சரி என்பார்கள், இருவரும் சொல்வது சரிதான். 19ஆம் நூற்றாண்டில் போலந்துப் பகுதிகளில் பீட் சர்க்கரை ஆலைகள் பரவிய பிறகு, அங்கிருந்த யூதச் சமையலில் மீனுக்கும் கோஸுக்கும் சர்க்கரை ஏறியது. லிதுவேனிய வீடுகள் மிளகோடு நின்றுகொண்டன. ஹங்கேரியில் பாப்ரிகாவும் புளித்த கோஸும் ஆட்சி செய்தன. ஹோலிஷ்கெஸ், ப்ராகெஸ் என்று கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் மொழியான யித்திஷில் பல பெயர்களில் வழங்குவதும் இதே பண்டம்தான்.

12 பேருக்கு ஆளுக்கு இரண்டு வீதம் 24 சுருள்கள் வேண்டும். ஒவ்வொன்றும் ஏறக்குறைய ஒன்றரைக் கிலோ எடையுள்ள இரண்டு முட்டைக்கோஸ் எடுங்கள். கெட்டியாக இறுகிய பந்து போன்றது வேண்டாம், இலைகளை உரிக்கும்போதே கிழியும். சற்றுத் தட்டையாக, அழுத்தினால் கொஞ்சம் அமுங்குவதாக, வெளி இலைகள் அகலமாக இருப்பதே இதற்கு ஏற்றது. ஒரு கோஸில் சுருட்டத்தக்க இலை 12 முதல் 14 வரை தேறும். கிழிந்தால் ஈடுகட்ட மூன்றாவதாக ஒரு சிறிய கோஸ் கையிருப்பில் இருக்கட்டும். அது வீணாகாது, தட்டின் அடியில் பரப்ப நறுக்கிய கோஸ் எப்படியும் தேவை.

இலையை வளையவைக்க இரண்டு வழிகள். நேரம் இருந்தால் உறைய வைப்பதே மேல். அடித்தண்டை ஐந்தாறு சென்டிமீட்டர் ஆழத்துக்குக் கூம்பு வடிவில் குடைந்து எடுத்துவிட்டு, முழுக் கோஸையும் பையில் கட்டி ஃப்ரீசரில் 48 மணி நேரம் வையுங்கள். பிறகு ஒரு பெரிய பாத்திரத்தில் வைத்து ஃப்ரிட்ஜில் முழு ஒரு நாள் இளக விடுங்கள். இலைக்குள் உறைந்த நீர் பனித்துகள்களாகி செல் சுவர்களைக் கிழித்திருக்கும், அதனால் இலை துணி போலத் துவளும். நிறைய நீர் வடியும், அதைப் பிழிந்து கொட்டிவிடுங்கள். இங்கே பலர் ஏமாறுவது ஒன்று உண்டு: துவண்ட இலை வெந்த இலை அல்ல. மடிக்க எளிதாகியிருக்கிறதே தவிர பெக்டின் அப்படியே இருக்கிறது. இதை நேராகத் தக்காளிக்குள் போட்டால் மீண்டும் ரப்பர்தான்.

நேரம் இல்லையென்றால் வெந்நீர் வழி. தண்டு குடைந்த கோஸை, குடைந்த பக்கம் கீழே இருக்கும்படி கொதிக்கும் உப்பு நீரில் இறக்குங்கள். மூன்று நிமிடத்தில் வெளி இலை தளரும். இடுக்கியால் அதைக் கழற்றி எடுத்து, அடுத்தது தளரக் காத்திருங்கள். ஒரு கோஸ் முடிய 15 நிமிடம் ஆகும். ஒரேயடியாக 15 நிமிடம் கொதிக்கவிட்டு எடுத்தால் வெளி இலை குழைந்து கிழியும், உள் இலை விறைத்தே இருக்கும். அதோடு கோஸ் நெடுநேரம் கொதிக்கக் கொதிக்க கந்தக வாடையும் வீடு முழுக்க ஏறும்.

எந்த வழியானாலும், கோஷர் (யூத உணவு விதிகளைக் கடைப்பிடிக்கும்) வீட்டில் இலைகளை ஒவ்வொன்றாக உப்பு நீரில் அலசி, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்த பிறகே அடுத்த வேலை. அசுவினியும் இலைப்பேனும் மடிப்புகளில் ஒளிந்திருக்கும். இதற்கு 24 இலைக்கு அரை மணி நேரம் ஒதுக்கிக்கொள்ளுங்கள், அவசரப்பட்டால் இந்த வேலைக்கு அர்த்தமே இல்லை. பார்த்து முடித்ததும் இலையைக் கவிழ்த்துப் போட்டு, புடைத்து நிற்கும் நடு நரம்பைக் கத்தியைப் படுக்கவைத்து மட்டமாகச் சீவுங்கள். நரம்பை வெட்டி எடுத்துவிட வேண்டாம். அந்தப் பிளவு வழியாகத்தான் பூரணம் வெளியேறும்.

பூரணத்துக்கு 1.2 கிலோ மாட்டுக் கொத்துக்கறி. கொழுப்பு 15 முதல் 20 விழுக்காடு இருக்கட்டும். கொழுப்பே இல்லாத கறியை வாங்கிச் செய்தால் உள்ளே ஒரு கெட்டி உருண்டை கிடக்கும், எத்தனை சாஸ் ஊற்றினாலும் இளகாது. அரிசி 200 கிராம். கொதிநீரில் ஐந்து நிமிடம் மட்டும் வேகவைத்து வடித்து ஆறவிடுங்கள். வெளிப்புறம் இளகி, நடுவில் வெள்ளைப் புள்ளி தெரியும் பதம். இப்படிச் செய்தால் அரிசி பாதி நீரை முன்பே குடித்திருக்கும், மீதியைக் கறியின் சாற்றிலிருந்து எடுத்துக்கொள்ளும், அதனால் கறியும் ஈரமாக இருக்கும். முழுதாக வெந்த சோறு போட்டால் இரண்டரை மணி நேரத்தில் குழைந்து பசையாகிவிடும்.

வெங்காயம் 250 கிராம், நறுக்காமல் துருவிச் சாற்றோடு சேருங்கள். முட்டை 2, நுணுக்கிய மிளகு 2 தேக்கரண்டி, தண்ணீர் 100 மில்லி. உப்பு விஷயத்தில் கவனம். கோஷர் இறைச்சி ஊறவைத்து, ஒரு மணி நேரம் உப்பில் கிடந்து, அலசப்பட்டு வருவது. அதில் ஏற்கெனவே உப்பு இருக்கும். ஆகவே 14 கிராம், அதாவது இரண்டரைத் தேக்கரண்டி அளவில் தொடங்குங்கள். ஒரு எலுமிச்சை அளவு பூரணத்தைத் தட்டி வாணலியில் வேகவைத்துச் சுவைத்துப் பார்த்துவிட்டு, குறைந்தால் கூட்டலாம். சுருட்டிய பிறகு உள்ளே உப்புச் சேர்க்க வழியே இல்லை. கலக்கும்போது விரல்களை விரித்து, எல்லாம் ஒன்று சேரும் வரை மட்டும் கலக்குங்கள். பிசைந்துகொண்டே இருந்தால் இறைச்சிப் புரதம் ஒட்டிக்கொண்டு பூரணம் இறுகும். உப்பைக் கடைசியில் சேர்ப்பதும் இதற்காகத்தான்.

மொத்தம் இரண்டு கிலோ அளவில் வரும். ஒரு சுருளுக்கு 80 கிராம். முதல் இரண்டு மூன்றைத் தராசில் நிறுத்துப் பார்த்தால் பிறகு கையே அளவு சொல்லும்.

சுருட்டுவதற்கு, இலையின் குழிந்த பக்கம் மேலே, தண்டுப் பக்கம் உங்களை நோக்கி இருக்கட்டும். பூரணத்தைத் தண்டுக்குச் சற்று மேலே குறுக்காக நீளவாட்டில் வையுங்கள். தண்டுப் பக்கத்தை அதன்மேல் மடித்து, ஒரு ஓரத்தை மட்டும் உள்ளே மடக்கி, நுனி வரை உருட்டுங்கள். திறந்திருக்கும் மறு ஓரத்தை ஆட்காட்டி விரலால் உள்ளே திணித்துவிடுங்கள். இரண்டு ஓரத்தையும் மடித்து உருட்டுவதைவிட இது உறுதியாக நிற்கும், பல்குத்தும் குச்சியோ நூலோ தேவையில்லை. இறுக்கிச் சுருட்ட வேண்டாம். அரிசி இன்னும் உப்பும். அதற்கு இடமில்லாவிட்டால் இலை வெடிக்கும். சுருளை அமுக்கினால் விரல் லேசாக உள்ளே போக வேண்டும். சிறிய இலைகளை இரண்டாக, ஒன்றன்மேல் ஒன்று பாதி படியும்படி வைத்து ஒரே இலையாகப் பாவிக்கலாம்.

33க்கு 23 சென்டிமீட்டர் அளவில் ஆழமான இரண்டு தட்டுகளை எடுங்கள். கண்ணாடி, பீங்கான், எனாமல், எவர்சில்வர் எதுவானாலும் சரி. வெறும் அலுமினியம் மட்டும் வேண்டாம், தக்காளி அதை அரித்து உலோகச் சுவை ஏற்றும். ஒவ்வொன்றின் அடியிலும் நறுக்கிய கோஸை ஒரு விரல் கனத்துக்குப் பரப்புங்கள். அடிபிடித்தாலும் முதலில் பலியாவது இதுதான், சுருள்கள் தப்பும். அதன்மேல் 12 சுருள்களை மடிப்பு கீழே இருக்க, இடைவெளி விடாமல் நெருக்கி அடுக்குங்கள். நெருக்கமே அவற்றைப் பிரியாமல் காக்கும். கொதிக்கும் இறைச்சிச் சாறு 400 மில்லி ஒவ்வொரு தட்டுக்கும். சுருளின் பாதி உயரம் வந்தால் போதும். ஆறிய சாற்றை ஊற்றினால் சூடேறவே கால் மணி நேரம் போய்விடும். மேலே பேக்கிங் தாள், அதற்கு மேல் அலுமினியத் தாள் என்று இறுக மூடுங்கள். இடையில் தாள் இல்லாவிட்டால், பிறகு தக்காளி ஊற்றியதும் அலுமினியத் தாளில் சிறு ஓட்டைகள் விழும். பேக்கிங் அடுப்பில் 170 டிகிரி செல்சியஸில் ஒரு மணி நேரம்.

அந்த ஒரு மணி நேரத்தில் இரண்டு சாஸும் தயாராகிவிடும்.

இனிப்புப் புளிப்புக்கு: 3 மேசைக்கரண்டி எண்ணெயில் 300 கிராம் வெங்காயத்தை நடுத்தரத் தீயில் 20 நிமிடம், பொன்னிறம் தாண்டிப் பழுப்பு தொடும் வரை வதக்குங்கள். இந்த வெங்காயமே பாதி இனிப்பைத் தந்துவிடும். அவசரமாக வதக்கினால் அந்த இடத்தைச் சர்க்கரையால் நிரப்ப வேண்டிவரும், அப்போது சுவை தட்டையாகும். 800 கிராம் நசுக்கிய டின் தக்காளி, ஒரு தேக்கரண்டி உப்பு, 75 கிராம் உலர்திராட்சை சேர்த்து 10 நிமிடம் கொதிக்கவிட்டு இறக்குங்கள். எலுமிச்சையும் சர்க்கரையும் இப்போது வேண்டாம்.

காரவகைக்கு: அதே அளவு எண்ணெயும் வெங்காயமும், வதங்கும் கடைசி நிமிடத்தில் நசுக்கிய 5 பல் பூண்டு. அடுப்பை அணைத்துவிட்டு 2 மேசைக்கரண்டி இனிப்புப் பாப்ரிகா, அரைத் தேக்கரண்டி காரப் பாப்ரிகா, சீரகம் போன்ற கேரவே விதை அரைத் தேக்கரண்டி. அணைக்கச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. பாப்ரிகாவில் சர்க்கரை அதிகம், சூடான எண்ணெயில் சில நொடிகளில் கருகிக் கசந்துவிடும். கிளறியதும் உடனே 200 மில்லி சாற்றை ஊற்றிக் கொதிக்கவிடுங்கள். 500 கிராம் புளித்த கோஸை ஒருமுறை அலசிப் பிழிந்து இதில் சேருங்கள். புகையூட்டிய வான்கோழியோ மாட்டிறைச்சியோ 200 கிராம் நறுக்கிப் போட்டால் ஹங்கேரிய மணம் வந்துவிடும். அங்குள்ள யூதர் அல்லாத வீடுகளில் பன்றியும் புளித்த பாலேடும் செய்கிற வேலையை இங்கே புகை மணமும் வெங்காயமும் செய்ய வேண்டும். இறைச்சியோடு பாலேடு சேர்க்க முடியாது என்பதால் சாஸ் திண்ணமாக வேண்டுமானால் வெங்காயத்தைக் கூட்டுங்கள்.

புளித்த கோஸை அடியில் பரப்புவதே வழக்கம். இலையும் புளிக்கவைத்ததாக இருந்தால் அது சரி. நீங்கள் எடுப்பது புதிய இலை. அடியில் புளிப்பு இருந்தால் முதல் மணி நேரமும் வீணாகும். அதனால் மேலேதான் போட வேண்டும்.

ஒரு மணி நேரம் கழித்துத் திறந்து, இலையின் நரம்புப் பகுதியைக் கத்தி நுனியால் குத்திப் பாருங்கள். தடையில்லாமல் இறங்க வேண்டும். தடை இருந்தால் இன்னும் 15 நிமிடம் மூடி வையுங்கள், புளிப்புச் சேர்ந்த பிறகு இதைச் சரிசெய்வது கடினம். இறங்கினால் இனிப்புத் தட்டில் தக்காளி சாஸையும் மற்றதில் பாப்ரிகா கோஸையும் மேலே பரப்பித் தட்டை இப்படியும் அப்படியும் சாய்த்து இடுக்குகளில் இறங்கவிட்டு, மூடி இன்னொரு மணி நேரம் 160 டிகிரியில்.

இப்போது கடைசிக் கட்டம். காரத் தட்டுக்கு வேலை அநேகமாக முடிந்தது. உப்பு மட்டும் பார்த்து, மூடியபடியே அரை மணி நேரம் விடுங்கள். இனிப்புத் தட்டிலிருந்து ஒரு கோப்பை சாஸை எடுத்து, அதில் 60 கிராம் பழுப்புச் சர்க்கரையையும் 60 மில்லி எலுமிச்சைச் சாற்றையும் கரைத்து, முதலில் பாதியை மட்டும் ஊற்றுங்கள். கொதிக்கக் கொதிக்கச் சுவைக்காமல், கரண்டியில் ஆற்றிச் சுவையுங்கள். சூட்டில் நாக்கு சரியாகக் கணக்கிடாது. முதலில் புளிப்பு தட்டி, பின்னால் இனிப்பு வர வேண்டும். நாளை பரிமாறப்போவதானால் இன்று ஒரு படி புளிப்பாகவே நிறுத்துங்கள். திராட்சை இரவெல்லாம் தன் இனிப்பைச் சாஸில் இறக்கும். எலுமிச்சைக்குப் பதில் சிட்ரிக் அமிலம் போடுவது பழைய வழக்கம். யித்திஷ் சமையலறையில் அதைப் புளிப்பு உப்பு என்பார்கள், உப்பு அல்ல. அரைத் தேக்கரண்டி ஏறத்தாழ 50 மில்லி எலுமிச்சைச் சாற்றுக்குச் சமம். எலுமிச்சை மணம் இல்லாத நேர்ப் புளிப்பு வேண்டுமானால் அது நல்லது, ஆனால் கை தவறினால் மீட்க முடியாது. கால் தேக்கரண்டியாக நீரில் கரைத்து ஊற்றுங்கள்.

சாஸ் நீர்த்திருந்தால் மூடியை எடுத்துவிட்டு இந்த அரை மணி நேரத்தை 180 டிகிரியில் முடியுங்கள். மேல் இலைகள் ஓரம் லேசாகப் பழுப்பது அழகு. அமெரிக்க யூத வீடுகளில் இஞ்சி பிஸ்கட் நான்கைப் பொடித்துக் கரைத்துச் சாஸைத் திண்ணமாக்குவார்கள். இனிப்புத் தட்டுக்கு அது நன்றாகவே பொருந்தும், பிஸ்கட்டில் பால் பொருள் இல்லையா என்று மட்டும் பாருங்கள். உள்வெப்பம் 71 டிகிரி தாண்டியிருக்க வேண்டும். இவ்வளவு நேரத்தில் தாண்டாமல் இராது, இருந்தாலும் நடுச் சுருள் ஒன்றைச் சோதிப்பது நல்லது.

நாள் கணக்கு இப்படி வரும். விருந்துக்கு நான்கு நாள் முன்பு கோஸ் ஃப்ரீசருக்குள், இரண்டு நாள் முன்பு ஃப்ரிட்ஜுக்குள், முந்தின நாள் சமையல். பண்டிகை சூரியன் மறையும்போது தொடங்குகிறது. யூத மத விதிப்படி முதல் நாளில் ஏற்கெனவே எரியும் நெருப்பில் சமைக்க அனுமதி உண்டென்றாலும், அது சனிக்கிழமையில் வந்தால் அதுவும் இல்லை. எப்படியும் ஒரு நாள் கிடந்த ஹோலிஷ்கெஸ்தான் சுவை. சமைத்து இரண்டு மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜில் வையுங்கள். மறுநாள் மேலே உறைந்த கொழுப்பை வழித்து எடுத்துவிட்டு, ஒவ்வொரு தட்டிலும் 100 மில்லி வெந்நீரை ஓரமாக ஊற்றி, மூடி 160 டிகிரியில் முக்கால் மணி நேரம் சூடாக்குங்கள். கண்ணாடித் தட்டை ஃப்ரிட்ஜிலிருந்து நேராகச் சூடான அடுப்பில் வைக்காதீர்கள், விரிசல் விடும். குளிர்ந்த அடுப்பில் வைத்துத் தட்டோடு சேர்த்துச் சூடேற்றுங்கள், அப்போது கால் மணி நேரம் கூடுதலாகப் பிடிக்கும்.

உண்பது வெளியே, கூரையில் கிளைகள் வேய்ந்த சுக்கா என்னும் குடிலில் என்பதால் தட்டுகளை அப்படியே போர்வையில் சுற்றி எடுத்துப் போங்கள். இலையுதிர்கால இரவில் பரிமாறும் கிண்ணத்துக்கு மாற்றினால் பத்து நிமிடத்தில் ஆறிவிடும். சுக்கோத் அறுவடைப் பண்டிகை, பூரணம் நிறைந்த பண்டங்கள் விளைச்சலின் நிறைவுக்கு அடையாளம். வாரம் கழித்து வரும் சிம்ஹாத் தோரா பண்டிகைக்கும் இதே சமையல் ஏற்றது, இரண்டு சுருள்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் யூத வேதமான தோராவின் சுருள் போலவே இருக்கும். அதற்காகவும் செய்ய நினைத்தால் அளவை இரட்டிப்பாக்கி, புளிப்பும் சர்க்கரையும் சேர்க்கும் முன்பே பாதியை ஆறவைத்து ஃப்ரீசரில் வையுங்கள். இளகும்போது சாஸ் எப்படியும் நீர்க்கும், சுவை மங்கும். கடைசிக் கட்டத்தை அன்றைக்குச் செய்தால் புதிதாகச் சமைத்தது போலவே வரும்.